கக்கத்தில் இடுக்கிய செருப்பு

ஷார்ஜா
8-9-2006, வெள்ளிக்கிழமை

அன்பு மகள் ஜோதிமணிக்கு அப்பா எழுதுவது.

முதலில் என் கையெழுத்தைப் பொறுத்துக்கொள். வரிகள் மேடும் பள்ளமுமாகப் போகின்றன. 'ழ' வந்தால் பேனாவை எந்தப் பக்கம் திருப்புவது என்று யோசித்து நின்றுவிடுகிறேன். அழுத்தி எழுதி ஒரு தாள் கிழிந்தே போனது. இது இரண்டாவது தாள். ஆனால் இது முழுக்க என் கை, ஆத்தா. இத்தனை வருஷம் உனக்கு வந்ததெல்லாம் டிரைவர் வாசு எழுதிய கடிதங்கள். நான் அரைமணி நேரம் சொன்னால் அவன் 'நலம், நலமறிய ஆவல்' என்று இரண்டு வரியில் ஒட்டி அனுப்பிவிடுவான். இப்போது அவன் தயவு வேண்டாம். இந்த வீட்டில் என்னோடு வேலை செய்யும் மதீனா பீவி, ராமநாதபுரத்துப் பெண், மாவுத் தட்டில் விரலால் எழுதிக் காட்டிச் சொல்லிக்கொடுத்தாள். "அண்ணே, 'ஜோ' வந்திருச்சு. இனிமே மகளுக்கு எழுதலாம்" என்றாள். அறுபத்து மூன்று வயதில் வந்த 'ஜோ' இது. பத்திரமாக வைத்துக்கொள்.

போனில் சொன்னால் என்ன என்று கேட்பாய். போனில் நீ "சரிப்பா, சரிப்பா" என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தை நடுவில் வைக்க முடியாது.

முதலாளி குடும்பம் இந்தக் கோடையில் என்னையும் இத்தாலிக்குக் கூட்டிப்போனது உனக்குத் தெரியும். பிளாரன்ஸ் என்ற ஊரில் வாடகை வீடு. அவர்களுக்கு என் கைச் சோறு இல்லாமல் முடியாது. ஒருநாள் வீட்டுப் பெரியம்மா உம்மு சாலிம் சமையலறைக்கு வந்தார். அவர் பள்ளிக்கூடத்தில் தலைமையாசிரியையாக இருந்தவர். அந்த ஊரில் உஃபிசி என்று உலகமே வந்து பார்க்கிற ஓவியக்கூடம் ஒன்று இருக்கிறது. ஆள் வைத்துச் சுற்றிக்காட்டுவார்கள். இவர் தனக்கும் மகனுக்கும் டிக்கெட் எடுத்திருந்தார். மகன் தூங்கி எழவில்லை. மருமகள்கள் ஆற்றுப் பாலத்தின் மேல் இருக்கும் நகைக்கடைக்குப் போய்விட்டார்கள். "ராக்கப், அடுப்பை அணை. யல்லா, என்னோடு வா" என்றார்.

ஒல்லியான ஒரு பெண் மடக்கிய குடையைத் தலைக்குமேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் போகிறாள். நாங்கள் ஒரு கூட்டம் அந்தக் குடையையே பார்த்துக்கொண்டு பின்னால் போகிறோம். அவள் இங்கிலீஷில் சொல்வதை உம்மு சாலிம் எனக்கு அரபியில் சொன்னார். படத்துக்குப் படம் பக்கத்தில் ஒரு அட்டையில் எழுதி வைத்திருக்கிறார்கள். ஒரு எழுத்துகூட எனக்குத் தெரியாது. முன்பெல்லாம் எங்காவது எழுத்தைப் பார்த்தால் தப்பு என் மேல் என்று தோன்றும். இப்போது அப்படித் தோன்றவில்லை. அது அவர்கள் பாஷை, எனக்கு என் பாஷை இருக்கிறது என்று நிமிர்ந்து நின்றேன்.

தொடக்கத்திலேயே ஒரு அறையில் மூன்று பெரிய படங்கள். கூரை வரைக்கும் இருக்கிறது ஒவ்வொன்றும். பின்னணி முழுக்கத் தங்கம். மூன்றிலும் மாதா பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு நம்மையே பார்க்கிறாள். வேளாங்கண்ணியில் பார்த்த மாதா நினைவுக்கு வந்தது. என் கால் தானாகச் செருப்பைக் கழற்றிவிட்டது. வாசல் ஓரமாக, யாருக்கும் இடறாத இடமாகப் பார்த்துத்தான் விட்டுவிட்டு உள்ளே போய்க் கையெடுத்துக் கும்பிட்டேன்.

கண்ணைத் திறந்தால் வாசலில் காவல்காரர்கள். ஒருவன் ஒயர்லெஸ்ஸில் கத்துகிறான். இன்னொருவன் வருகிறவர்களைத் தடுக்கிறான். எல்லோரும் என் செருப்பைச் சுற்றி எட்டி நிற்கிறார்கள். எத்தனையோ வருஷத்துக்கு முன்னால் அந்தக் கட்டடத்துப் பக்கத்தில் குண்டு வெடித்ததாம். அதிலிருந்து கேட்பாரற்ற பொருள் எதைக் கண்டாலும் அவர்களுக்குப் பயம். நான் போய் "என்னுது, என்னுது" என்று எடுத்தேன். போட்டுக்கொள் என்று காலைக் காட்டினான். மாட்டேன் என்று தலையாட்டினேன். குடைக்காரப் பெண் சிரித்துவிட்டு, போடாவிட்டால் போகட்டும், எங்கேயும் விட்டுவிடாமல் கையிலேயே வைத்திருக்கச் சொன்னாள். கையில் பிடித்தால் கும்பிட முடியாது. அதனால் கக்கத்தில் இடுக்கிக்கொண்டேன். கடைசி அறை வரைக்கும் அப்படியே பார்த்தேன்.

ஒரு அறையில் ஒரு பெண் பெரிய சிப்பியின் மேல் நிற்கிறாள். மேலே துணி இல்லை. நான் கூரையைப் பார்த்தேன். "ராக்கப், கூரைக்கு டிக்கெட் எடுக்கவில்லை" என்றார் உம்மு சாலிம். பிறகு பார்த்தேன். வெட்கம் அவளுக்கும் இல்லை, கொஞ்ச நேரம் கழித்து எனக்கும் இல்லை.

சந்தோஷமான விஷயத்தைக் கடைசிக்கு வைத்திருக்கிறேன். அந்தக் கூட்டத்தில் எனக்குப் பின்னால் தமிழ்க் குரல் கேட்டது. "கலா, செருப்பைக் கக்கத்துல வெச்சிட்டு நிக்கிறாரு பாரு. நிச்சயமா நம்ம ஊரு ஆளுதான்." நான் திரும்பி, "ஆமாங்க, நம்ம ஊருதான்" என்றேன். பெயர் சேதுமாதவனாம். சவுதியில் உங்கள் அல் கோபார்தானாம்! மாப்பிள்ளை கம்பெனியில்தான் மேலே இருக்கிறாராம். "மணிமாறன் மாமனாரா நீங்க?" என்று இரண்டு தரம் கேட்டார். ஆமாம், ஷார்ஜாவில் அரபி வீட்டில் சமையல் வேலை என்று எல்லாம் சொன்னேன். புருஷனும் பெண்சாதியும் ரொம்ப நேரம் சிரித்தார்கள். என்னைத் தனியாக நிறுத்தி ஒரு போட்டோவும் எடுத்தார்கள். வந்தால் வாங்கிப் பார்.

பேத்தி அருணாக் குட்டிக்குக் காது குத்துவது எப்போது என்று எழுது. லீவு கேட்க வேண்டும்.

அப்பா
ராக்கப்பன்


அல் கோபார்
20-9-2006

அப்பாவுக்கு,

உங்கள் கடிதம் வந்தது. கையெழுத்து நன்றாகவே இருக்கிறது. இதை முதலில் சொல்லிவிடுகிறேன். அப்புறம் சொல்ல மனம் வராது.

அந்தப் போட்டோவை வாங்கிப் பார்க்கச் சொல்கிறீர்கள். வாங்க வேண்டிய அவசியமில்லாமல் போன வியாழக்கிழமை சேதுமாதவன் சார் வீட்டு டிவியில் இத்தனை பெரிதாகப் பார்த்தேன். இத்தாலி போய்வந்த படங்களைக் காட்டுகிறோம் என்று நாலு குடும்பங்களைச் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார்கள். கோபுரம், பாலம், ஐஸ்கிரீம், அப்புறம் நீங்கள். வெறுங்காலோடு, செருப்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, பல்லெல்லாம் தெரிய. "ஜோதி, இது யாருன்னு சொல்லு பாப்போம்?" என்று சாரின் மனைவி சந்திரகலா அக்கா கேட்டார். எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அப்புறம், "ஷார்ஜாவுல ஓட்டல் நல்லாப் போகுதா உங்க அப்பாவுக்கு?" என்றார்.

உங்களுக்குப் புரியாது. எங்கள் கல்யாணம் ஆன புதிதில், மாமனார் என்ன செய்கிறார் என்று இங்கே கேட்டவர்களிடம் உங்கள் மாப்பிள்ளை, ஷார்ஜாவில் ஓட்டல் வைத்திருக்கிறார் என்று சொல்லிவிட்டார். நான் பக்கத்தில்தான் நின்றேன். இல்லை என்று சொல்லவில்லை. இத்தனை வருஷமாக அந்த ஓட்டல் நடந்துகொண்டிருக்கிறது.

எதற்கப்பா கழற்றினீர்கள்? கழற்றியதுகூடப் போகட்டும். கக்கத்தில் எதற்கு இடுக்கினீர்கள்? பெரிய வீட்டுத் தெருவில் தாத்தா எப்படி நடந்துபோவார் என்று நீங்கள்தானே எனக்குச் சொல்லியிருக்கிறீர்கள். அதைக் கடல் தாண்டிப் போய் நாலு பேர் பார்க்கச் செய்ய வேண்டுமா?

 மறுநாள் இவர் ஒரு வழி சொன்னார். நீங்கள் சேதுமாதவன் சாருக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும். ஓட்டல் உங்களுடையதுதான், அரபிக் குடும்பம் உங்கள் பங்குதாரர்கள், அன்றைக்குச் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன் என்று எழுதினால் போதும். இப்போதுதான் எழுதத் தெரியுமே.

காதுகுத்து கார்த்திகையில், எங்கள் குலதெய்வக் கோயிலில். எனக்கு அண்ணன் தம்பி இல்லாததால் உங்கள் மடியில்தான் வைத்துக் குத்துவது என்று அருணா பிறந்த அன்றைக்கே நான் சொன்னது எனக்கு மறக்கவில்லை. ஆனால் சேதுமாதவன் சார் குடும்பமும் அப்போது லீவில் ஊருக்கு வருகிறது, இவர் கூப்பிட்டிருக்கிறார். நீங்கள் அந்தக் கடிதத்தை எழுதினால் ஓட்டல்காரராக வந்து உட்காரலாம். எழுதாவிட்டால் சித்தப்பா மகன் பழனிச்சாமி மடியில் வைத்துக்கொள்வோம், அவனும் தாய்மாமன் முறைதான், நீங்கள் ஷார்ஜாவிலேயே இருந்துவிடுங்கள் என்கிறார் இவர்.

நானும் அதைத்தான் சொல்கிறேன். சொல்கிறேனா என்று தெரியவில்லை. பதில் எழுதுங்கள்.

ஜோதிமணி


ஷார்ஜா
6-10-2006, வெள்ளிக்கிழமை

அன்பு மகள் ஜோதிமணிக்கு,

நோன்பு மாதம். மாலையில் எனக்கு மூச்சுவிட நேரமில்லை. பகலில் அடுப்பு சும்மா இருக்கிறது, அதனால் எழுதுகிறேன். உன் கடிதத்தை நானே எழுத்துக் கூட்டிப் படித்தேன். சாயங்காலம் வரைக்கும் ஆனது. மதீனா பீவி "குடுங்கண்ணே, நான் வாசிக்கிறேன்" என்றாள். கொடுக்கவில்லை. திட்டு எனக்கு வந்தது, நானே படிக்கிறேன் என்றேன்.

சேதுமாதவனுக்கு நான் எழுத மாட்டேன்.

கோபத்தில் சொல்வதாக நினைக்காதே. உட்கார்ந்து யோசித்துத்தான் சொல்கிறேன். வாசு கை என் கையாக இருந்த காலத்தில் நீங்கள் கேட்டிருந்தால், அவனிடம் "எழுதுடா" என்று சொல்லியிருப்பேனோ என்னவோ. இப்போது நானே பேனாவைப் பிடித்து, ஒவ்வொரு எழுத்தாக நிறுத்தி, இல்லாத ஓட்டலைக் கட்ட வேண்டும். என் கை அதற்கு வராது. இந்தக் கை எழுத வந்து சில மாதம்தான் ஆகிறது. அதற்குள் பொய் பழக்க மாட்டேன்.

செருப்பு விஷயத்துக்கு வருகிறேன். உன் தாத்தா பெரிய வீட்டுத் தெருவில் செருப்பைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடந்தார். உண்மை. கழற்றாவிட்டால் அடி விழும். நான் மீசை முளைத்ததும் அந்தத் தெருவில் செருப்போடு நடந்தேன், அடியும் வாங்கினேன், அடுத்த நாளும் நடந்தேன். அதையும்தானே உனக்குச் சொன்னேன்? அது மட்டும் எப்படி மறந்தது? அவரைக் கழற்றச் சொன்னார்கள், பயந்து கழற்றினார். என்னை யாரும் சொல்லவில்லை, நானாகக் கழற்றினேன். போடு என்று சொல்லியும் போடவில்லை. இரண்டும் ஒன்றா?

அந்தக் கூடத்தில் இன்னொரு படம் பார்த்தேன். போன கடிதத்தில் எழுத இடமில்லை. மூன்று ராஜாக்கள் பிள்ளையைப் பார்க்க வந்திருக்கிறார்கள். பின்னால் குதிரை, குரங்கு, நாய், திருவிழாக் கூட்டம். இருக்கிறவர்களிலேயே வயதான ராஜா கிரீடத்தைக் கழற்றித் தரையில் வைத்துவிட்டு, குப்புற விழாத குறையாகக் குனிந்து பிள்ளையின் காலை முத்தமிடுகிறார். மாதா மடியில் இருக்கிற பிள்ளை அவருடைய வழுக்கைத் தலையில் கையை வைத்திருக்கிறது. சின்ன ராஜாவின் காலடியில் ஒரு வேலைக்காரன் உட்கார்ந்து, குதிரையை விரட்டக் குதிகாலில் மாட்டுகிற குதிமுள்ளைக் கழற்றுகிறான். நான் உம்மு சாலிமைக் கேட்டேன், "இந்த வேலைக்காரனையும் எதற்கு வரைந்திருக்கிறான்?" அவர் குடைக்காரப் பெண்ணிடம் கேட்டார். அந்தப் பெண் சொன்னது: "அவனும் அங்கே இருந்தானே."

எனக்கு அது போதும். நான் முப்பது வருஷமாக அடுத்தவர் வீட்டு அடுப்படியில் இருக்கிறேன். மாப்பிள்ளை படத்தில் அந்த இடத்தில் ஓட்டலை வரைந்து வைத்திருக்கிறார். அழித்துவிட்டு என்னை வரையச் சொல்.

நான் கார்த்திகைக்கு வருகிறேன். லீவு கேட்டாயிற்று. எதற்கு என்று உம்மு சாலிம் கேட்டார், சொன்னேன். "போ" என்றார். பழனிச்சாமி நல்ல பையன், அவன் மேல் எனக்கு வருத்தமில்லை. ஆனால் ஆசாரி ஊசியை எடுக்கும்போது அந்தப் பாயில் நான் உட்கார்ந்திருப்பேன். யார் கேட்டாலும் சமையல்காரன் என்றுதான் சொல்வேன். எழுப்ப வேண்டும் என்று நினைக்கிறவர்கள் எல்லார் முன்னாலும் வந்து கையைப் பிடித்து எழுப்பட்டும். மாப்பிள்ளையிடம் இந்தக் கடிதத்தைக் காட்டு. ஒளிக்காதே.

நீ சாப்பிடுகிறாயா? கடிதத்தில் உன் எழுத்து மெலிந்திருக்கிறது.

அப்பா


அல் கோபார்
25-10-2006

அப்பா,

கடிதத்தை அவரிடம் காட்டினேன். முழுவதும் படித்தார். மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "உங்க அப்பாவுக்கு எழுதச் சொல்லிக்கொடுத்தது யாரு?" என்றார்.  அடுத்த நாள் பழனிச்சாமிக்குப் போன் போட்டு, அவன்தான் மாமன் என்று உறுதி செய்துவிட்டார். வேட்டி சட்டை அளவும் கேட்டுக்கொண்டார்.

தீபாவளிக்கு எல்லோரும் சேதுமாதவன் சார் வீட்டில் கூடினோம், சவுதி என்பதால் கதவைச் சாத்திக்கொண்டு, வெடி இல்லாமல். பலகாரத்தட்டு சுற்றி வந்தது. சந்திரகலா அக்கா அதிரசத்தை எடுத்துக்கொண்டே, "ஜோதிக்கென்ன, அப்பா ஓட்டல்லேருந்தே பார்சல் வந்திருக்கும்" என்றார். ஒன்றிரண்டு பேர் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

நான் முன்கூட்டி யோசித்து வைத்துக்கொண்டு போகவில்லை. நீங்கள் எழுதிய அந்தக் குதிமுள் கழற்றுகிறவன் ஞாபகம் மட்டும் இருந்தது. "ஓட்டல் கிடையாதுக்கா. எங்க அப்பா ஒரு அரபி வீட்ல சமையல்காரர். அந்தச் சம்பளத்துலதான் நான் எம்.எஸ்ஸி. படிச்சேன். ஓட்டல்னு சொன்னது நாங்கதான், அவரு ஒரு தடவைகூடச் சொன்னதில்ல. உங்ககிட்டயும் உண்மையைத்தானே சொன்னாரு?" என்றேன். 

"அய்யோ, நான் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேம்மா" என்றார். "அப்ப அந்தப் போட்டோவ எனக்கு ஒரு காப்பி குடுங்கக்கா, வீட்ல மாட்டணும்" என்றேன். நானும் ஒரு அதிரசம் எடுத்துக்கொண்டேன். அதிரசம் நன்றாகத்தான் இருந்தது.

காரில் இவர், "என் மானத்தை வாங்கிட்ட" என்றார். ஓட்டலை மூடிவிட்டேன், இனி அதை நடத்த வேண்டிய பாரம் உங்களுக்கும் இல்லை என்றேன். அன்றிலிருந்து என்னோடு பேச்சில்லை. சாப்பாட்டை எடுத்து வைத்தால் சாப்பிடுகிறார். நேற்று நானாகவே சொல்லிவிட்டேன்: அப்பா மடி இல்லையென்றால் அருணாவுக்குக் காதுகுத்தும் இல்லை, அவள் மொட்டைக் காதோடு வளரட்டும். 

எனக்குப் பயமாக இருக்கிறது அப்பா. ஆனால் திரும்பப் போய் ஓட்டலைத் திறக்க மாட்டேன்.

அந்தச் சிப்பிப் பெண்ணைப் பற்றி இன்னும் கொஞ்சம் எழுதுங்கள். கூரையைப் பார்த்த இடத்தைப் படித்துவிட்டுச் சமையலறையில் தனியாக நின்று சிரித்தேன்.

ஜோதிமணி


ஷார்ஜா
10-11-2006, வெள்ளிக்கிழமை

என் ஆத்தா ஜோதிமணிக்கு,

உன் கடிதத்தை இரண்டு தரம் படித்தேன். இரண்டாவது தரம் சத்தமாக, மதீனா பீவிக்குக் கேட்க வேண்டும் என்றே படித்தேன். "உங்க மகளா இது? உங்களை மாதிரியே வம்புக்காரி" என்றாள். ஆமாம் என்றேன். அந்தத் திமிரில் இன்றைக்கு 'ழ' எல்லாம் ஒரே இழுப்பில் வருகிறது, பார்.

மொட்டைக் காதோடு வளரட்டும் என்று மட்டும் இன்னொரு தரம் சொல்லாதே. அவள் காதில் உனக்கும் மாப்பிள்ளைக்கும் என்ன சண்டை?

மாப்பிள்ளை உன்னிடம் சொன்னாரா தெரியவில்லை. முந்தாநாள் எனக்குப் போன் செய்தார். சொல்லாமல் விட்டிருப்பார், அதனால் அப்படியே எழுதுகிறேன்.

"மாமா, நல்லா இருக்கீங்களா?"

"நல்லா இருக்கேன் மாப்ளே. சொல்லுங்க."

"நீங்களே மடியில வெச்சுக்குங்க. ஆனா அன்னைக்கு யாராச்சும் எதாச்சும் கேட்டா, சிரிச்சுட்டு விட்ருங்க. பேச வேணாம்."

"மடி மட்டும் வேணும், வாய் வேணாமா மாப்ளே? கேட்டா சொல்லுவேன்."

 பின்னால் அருணா எதையோ தட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "பழனிச்சாமிக்கு எடுத்தாச்சே மாமா, வேட்டி சட்டை" என்றார்.

"அவன்கிட்ட நான் பேசிட்டேன். துணிய அவனே உடுத்திக்கிட்டுப் பந்தியில பரிமாறட்டும்."

"ஒண்ணும் சொல்லலையா அவன்?"

"'பெரியப்பா, பிள்ளை ஒண்ணுக்குப் போனா நனையிறது உங்க வேட்டி. எனக்கு நிம்மதி'ன்னான்."

மாப்பிள்ளை சிரிப்பை அடக்கப் பார்த்தார். முடியவில்லை. மூக்கால் ஒரு சத்தம் வந்தது. அதற்கப்புறம் கொஞ்சம் குரல் இறங்கி, "சேதுமாதவன் சார் வர்றாரு மாமா" என்றார்.

"வரட்டும். முன்னாடியே பாய் போடுங்க. எங்க வீட்டுப் பெரியம்மாவுக்கு மீன் சோறு எப்படி ஆக்குறேன்னு நானே அவருக்குச் சொல்றேன்."

"சொன்னா நீங்க கேக்கப் போறதில்ல."

"இல்ல மாப்ளே."

"சரி மாமா. வாங்க" என்று வைத்துவிட்டார். அந்த 'வாங்க' நல்ல 'வாங்க'தான். எனக்குக் குரல் தெரியும். நீயாகப் போய்ப் பேசிவிடாதே, அவரே வருவார். அதுவரைக்கும் சாப்பாட்டில் உப்பைக் குறைத்துவிடாதே.

சிப்பிப் பெண்ணைப் பற்றிக் கேட்டாய். அவளுக்கு ஒருத்தி பூப்போட்ட துணியை விரித்துக்கொண்டு ஓடி வருகிறாள், போர்த்திவிட. இவள் அதைத் திரும்பியும் பார்க்கவில்லை. இப்படித்தான் வந்தேன், இப்படித்தான் நிற்பேன் என்று நிற்கிறாள். நீ அதிரசத் தட்டுக்கு நடுவில் நின்றதும் இப்படித்தான் இருந்திருக்கும்.

எனக்கு இப்போது ஒரே ஒரு கவலை, முட்டி. முப்பது வருஷம் நின்றே சமைத்த கால், சம்மணம் போட்டால் ஒத்துழைக்க மாட்டேன் என்கிறது. நடுவில் எழுந்தால் எல்லாம் கெட்டுவிடும். அதனால் தினமும் மத்தியானம் சமையலறைத் தரையில் உட்கார்ந்து, பத்துக் கிலோ அரிசிப் பையை மடியில் வைத்துப் பழகுகிறேன். மதீனா பீவி பார்த்துவிட்டு, "அரிசி அழாதுண்ணே. அருணா கையைக் காலை உதைப்பா" என்று பையைப் பிடித்து ஆட்டுகிறாள். நான் இறுக்கிப் பிடித்துக்கொள்கிறேன். நேற்று இந்தக் கூத்து நடக்கும்போது உம்மு சாலிம் உள்ளே வந்துவிட்டார்.

"என்ன இது, ராக்கப்?"

"பேத்தி" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. கிட்டே வந்து குனிந்து, தைத்த பையின் மேல்முனை இரண்டையும் இரண்டு விரலால் பிடித்துப் பார்த்தார். "முதலில் எந்தக் காது?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியவில்லை, ஆத்தா. ஆசாரியைக் கேட்டு எழுது. அடுத்த வெள்ளிக்கிழமைக்குள் பதினைந்து கிலோப் பைக்கு மாறிவிடுவேன். கால் எப்படித் தாங்கியது என்று அன்றைக்கே உனக்கு எழுதுகிறேன்.

அப்பா
ராக்கப்பன், சமையல்காரர்